காயமில்லாத கட்டு

இலை போட்டுவிட்டார்கள். இனி எழுந்து போக முடியாது. காதுகுத்து விருந்தில் தாய்மாமன் பொண்டாட்டி முதல் பந்தியில் பாதியில் எழுந்து போனாள் என்றால் இந்த ஊருக்கு இந்த வருஷம் முழுக்க அது போதும், வேறு பேச்சே வேண்டாம். நானும் எழப்போவதில்லை. ஆனால் மோர் வருவதற்குள் என் மகள் கையில் சுற்றியிருக்கும் கட்டை அவிழ்த்துவிடுவேன். முடிவு பண்ணியாயிற்று. இத்தனை பேர் முன்னால் அவிழ்ப்பேன், அதற்குக் கீழே ஒரு கீறல்கூட இல்லை என்று எல்லாரும் பார்க்கட்டும், பார்த்துவிட்டு என்ன வேண்டுமானாலும் சொல்லட்டும். காலையில் ஆறரை மணிக்குத் திண்டுக்கல் வீட்டில் கட்டில் ஓரத்தில் உட்கார்ந்து நான்தான் சுற்றினேன். இரண்டு இஞ்ச் பேண்டேஜ், மணிக்கட்டில் ஆரம்பித்து உள்ளங்கை வழியாக எட்டுப் போட்டு, விரல்களையும் நகம் மட்டும் தெரியும்படி சேர்த்து மடக்கி, நுனியில் பிளாஸ்டர். நான் ஆஸ்பத்திரியில் எக்ஸ்ரே எடுக்கிறவள், எலும்பு டாக்டர் கட்டுப் போடுவதைப் பத்து வருஷமாகப் பக்கத்தில் நின்று பார்க்கிறவள், அதனால் கட்டு அழகாக வந்தது. அந்த அழகைக் கொஞ்ச நேரம் பார்த்து ரசிக்கவும் செய்தேன், வெட்கம் கெட்டவள். சஷ்டிகாவுக்கு நாலு வயது. "எதுக்கும்மா?" என்று கேட்டாள். "விளையாட்டு" என்றேன். கார் ஏறியதும், "யாராச்சும் கேட்டா கதவுல நசுங்கிருச்சுன்னு சொல்லணும், சரியா?" என்றேன். அதுவும் விளையாட்டா என்று அவள் கேட்கவில்லை. தலையை மட்டும் ஆட்டினாள்.

இலையில் தண்ணீர் தெளிக்கிறேன், வலது கையால். அவள் இலைக்கும் நானே தெளிக்கிறேன். பக்கத்தில் அவள் பட்டுப் பாவாடையைச் சுருட்டிக்கொண்டு நாற்காலி நுனியில் உட்கார்ந்திருக்கிறாள், கால் தரையைத் தொடவில்லை. கட்டுப்போட்ட இடது கையை மடியில் வைத்திருக்கிறாள், வேறு யாருடைய பொருளையோ பத்திரமாக வைத்திருப்பதுபோல. மண்டபத்துக்குள் நுழைந்ததிலிருந்து இந்தக் கைக்குக் கிடைத்த மரியாதையைச் சொல்லி முடியாது. வாசலில் சந்தனக் கும்பாவோடு நின்ற மதினி, என் வீட்டுக்காரரின் அக்கா பாண்டிச்செல்வி, கும்பாவை யார் கையிலோ கொடுத்துவிட்டு ஓடி வந்தாள். "ஏ ஆத்தா, என்னடி ஆச்சு எம் மருமகளுக்கு?" என்று குனிந்து அந்தக் கட்டை எடுத்து முத்தம் கொடுத்தாள். "கதவுல நசுங்கிருச்சு" என்றாள் சஷ்டிகா, மிஸ்ஸிடம் பாட்டு ஒப்பிக்கிற குரலில். மதினிக்குக் கண் கலங்கிவிட்டது, நிஜமாகவே கலங்கியது, பொய் இல்லை. பிறகு என்னைப் பார்த்துச் சொன்னாள்: "நல்ல வேள கோதை, சோத்துக்கையில படல." நான் ஆமாம் மதினி என்றேன். அவளுக்குப் பின்னால் நின்ற நாலைந்து பெண்களும் அதையே சொன்னார்கள், நல்ல வேளை, சாமி காப்பாத்துச்சு, சோத்துக்கையில படவில்லை. என் மகளுடைய சோத்துக்கைதான் அந்தக் கட்டுக்குள் இருக்கிறது என்று எனக்கும் அவளுக்கும் அவள் அப்பனுக்கும் தெரியும். மதினிக்கும் தெரியும். ஆனால் சோத்துக்கை என்றால் அவளுக்கு வலது கைதான்.

கேசரி வைக்கிறார்கள். சஷ்டிகா வலது கையை நீட்டுகிறாள். ஆள்காட்டி விரலும் கட்டை விரலும் மட்டும், பல்லியைத் தூக்கிப் போடுகிறவர்கள் பிடிப்பார்களே, அப்படி. கேசரி வழுக்கி இலையிலேயே விழுகிறது. மறுபடி எடுக்கிறாள், மறுபடி விழுகிறது. மூன்றாவது தடவை குனிந்து வாயால் எடுத்துக்கொள்கிறாள், சுற்றிலும் பார்க்கிறாள். கெட்டிக்காரி. ஐந்தாவது மாதத்தில் முதல் முதலாக எதையோ எட்டிப் பிடித்தாளே, என் கழுத்தில் தொங்கிய ஆஸ்பத்திரி அடையாள அட்டை, அதை இடது கையால்தான் பிடித்தாள். இழுத்த இழுப்பில் என் கழுத்து அறுந்துவிடும்போல இருந்தது. எனக்குச் சந்தோஷமாக இருந்ததா, இல்லை. உனக்குமாடி என்று நினைத்தேன். அடுத்த நாளே தொட்டிலில் தொங்கிய கிலுகிலுப்பையை அவிழ்த்து வலது பக்கமாகக் கட்டினேன். யாரும் சொல்லவில்லை, மாமியாரும் சொல்லவில்லை, மதினியும் சொல்லவில்லை, நானாகவேதான் செய்தேன். அவள் உடம்பைத் திருப்பிக்கொண்டு, குப்புற விழுந்து, இடது கையைத் தலைக்கு மேலே கொண்டுவந்து அதையும் பிடித்தாள். எல்லாப் பழியையும் மதினி தலையில் கட்டிவிட்டு நான் நல்லவளாக உட்கார்ந்திருக்க முடியாது, அது எனக்குத் தெரிகிறது. ஐந்தாவது மாதத்திலேயே நான் ஆரம்பித்துவிட்டேன்.

சோறு வருகிறது. வாளியோடு வருவது என் வீட்டுக்காரர். அழகுராஜா, இன்றைக்கு அவர்தான் கதாநாயகன். காலையில் அக்கா மகனை மடியில் உட்கார வைத்துக் காது குத்த, பையன் போட்ட கூச்சலில் புது வேட்டி முழுக்கச் சந்தனமும் கண்ணீரும். தாய்மாமன் கையால் பரிமாற வேண்டுமாம், அதனால் முதல் பந்திக்கு மட்டும் வாளி தூக்குகிறார். அள்ளி வைக்கும்போது குனிந்து காதோடு, "என்ன மூஞ்சி ஒரு மாதிரி இருக்கு?" என்கிறார். "அவுக்கப் போறேன்" என்கிறேன். அவருக்கு உடனே புரிகிறது. "எதுக்குடி வம்பு, ஒருநாள்தான, வீட்டுக்குப் போயி அவுத்துக்கலாம்." ஒருநாள்தானே. அவருக்கு எல்லாமே ஒருநாள்தான். வீட்டில் சஷ்டிகா எந்தக் கையால் தின்றாலும் அவர் ஒரு வார்த்தை சொன்னதில்லை, அதற்கு நான் நன்றியோடுதான் இருக்கிறேன், ஆனால் அக்கா முன்னால் அவருக்கு வாய் வராது. போன தை மாதம் இதே மதினி வீட்டுப் புதுமனை விருந்தில் சஷ்டிகா இடது கையால் சோற்றை அள்ளி வாய்க்குக் கொண்டுபோனபோது, மதினி அந்தக் கையைப் பட்டென்று அடித்தாள். ரொம்ப ஓங்கி இல்லை. ஈ ஓட்டுகிற அடிதான். சோறு பறந்துபோய் எதிர் இலையில் விழுந்தது, யாரோ சிரித்தார்கள், "பீச்சாங்கையில திங்கிற பிள்ளைய எவன் கட்டுவான்" என்று யாரோ ஒரு கிழவர் கேலி பண்ணினார். மூன்றரை வயது அப்போது. அவள் அழவில்லை. அழுதிருந்தால் தூக்கிக்கொண்டு வந்திருப்பேன். கையை மேசைக்குக் கீழே கொண்டுபோய்விட்டாள். அழகுராஜா அன்றைக்கும் வாளியோடுதான் நின்றிருந்தார். நான் என்ன செய்தேன், இலையைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன்.

அதற்குப் பிறகு, மேசைக்குக் கீழே போன கை முழுசாக மேலே வரவில்லை. வீட்டில் சாப்பிடும்போது கதவு திறக்கிற சத்தம் கேட்டால் கை மாறிவிடும். கரண்ட் பில் எடுக்க வருகிறவர் வந்தாலும் மாறிவிடும். எல்.கே.ஜி.யில் சேர்த்த பிறகு இன்னும் மோசம். அங்கே மிஸ் தங்கமானவர்தான், கோபமே வராது, ஆனால் பென்சிலை எடுத்து எடுத்து வலது கையில் வைப்பார். "இது குட் ஹேண்ட், அது பேட் ஹேண்ட்" என்று சிரித்துக்கொண்டே சொல்வாராம். ஒருநாள் குளிப்பாட்டும்போது சஷ்டிகா இடது கையைத் தண்ணீருக்கு வெளியே தூக்கிப் பிடித்துக்கொண்டு, "இது பேட், இதுக்கு சோப்பு வேணாம்" என்றாள். அதற்கு முன்னால் வீட்டுச் சுவரெல்லாம் கிறுக்குவாள், நாய், பஸ், எனக்குக் கொம்பு முளைத்த மாதிரி ஒரு படம். இப்போது சுவர் சுத்தமாக இருக்கிறது. கிரேயான் டப்பாவை எடுத்துக் கொடுத்தால் மூடியைத் திறந்து பார்த்துவிட்டு மூடி வைத்துவிடுகிறாள். நான் மிஸ்ஸிடம் போய்ச் சண்டை போட வேண்டும் என்று ஒவ்வொரு திங்கட்கிழமையும் நினைப்பேன், ஒவ்வொரு திங்கட்கிழமையும் ஆஸ்பத்திரிக்கு நேரமாகிவிடும்.

குழம்பு. ஆட்டுக்கறிக் குழம்பின் வாசம் மூக்கில் ஏறுகிறது, பசிக்கத்தான் செய்கிறது, காலையில் இரண்டு இட்லிதான். குழம்பு ஊற்றியதும் அவிழ்க்கலாம் என்றுதான் மனசுக்குள் சொல்லி வைத்திருந்தேன். சுக்கா வரட்டும். சுக்கா வந்ததும் கண்டிப்பாக. என் நாற்காலியின் முதுகைப் பிடித்துக்கொண்டு அடுத்த பந்திக்கு ஒருவர் தயாராக நிற்கிறார், இந்தப் பக்கத்து வழக்கம் இது, நாம் சாப்பிட்டு முடிப்பதற்குள் நம் இடத்தைப் பிடித்துவிடுவார்கள். அவர் கட்டை விரல் என் தோளில் அவ்வப்போது படுகிறது. நான் எத்தனை வாய் சாப்பிட்டேன் என்பதுகூட அவருக்குத் தெரியும். எனக்கும் பந்தி என்றால் இப்படித்தான் ஞாபகம், பின்னால் ஆள் நிற்பார்கள், அம்மா என் பக்கத்தில் இருப்பாள், என் இடது கை பைக்குள் இருக்கும். மஞ்சள் பை. அம்மா வீட்டில் தையல் மிஷின் வைத்திருந்தாள், பெரியகுளத்தில் எங்கள் தெரு முழுக்க அவள் தைத்த ரவிக்கைதான். யாருடைய ரவிக்கையிலோ மீந்த மஞ்சள் துணியில் என் கை அளவுக்கு ஒரு பை தைத்து, வாயில் நாடா கோத்து, சாப்பாட்டு நேரத்தில் என் இடது கையை உள்ளே விட்டு மணிக்கட்டில் முடிச்சுப் போடுவாள். போட்டுவிட்டுப் பையின் மேல் முத்தம் கொடுப்பாள். அப்போது எனக்கும் நாலு வயது. ஒரு நாளும் அடித்ததில்லை, திட்டியதில்லை. "பொம்பளப் பிள்ள, போற எடத்துல சொல்லிக் காட்டுவாங்கம்மா" என்று கெஞ்சுவாள். பைக்குள் வியர்க்கும். விரலை அசைத்தால் தையல் நூல் நகத்தில் மாட்டும். ஒரு மழைக்காலம் முழுக்க அந்தப் பை, அடுத்த சித்திரையில் தேவைப்படவில்லை. நான் சரியாகிவிட்டேன். அந்த வருஷம்தான் எனக்குப் பேச்சும் திக்க ஆரம்பித்தது, இரண்டாம் வகுப்பு வரை திக்கியது, பிறகு போய்விட்டது. அதனால்தான் இது என்று எந்த டாக்டரும் உறுதியாகச் சொல்ல மாட்டார், நானும் கேட்டுப் பார்த்துவிட்டேன். சொல்லாமலே இருக்கட்டும்.

போன வாரம் அம்மாவுக்குப் போன் போட்டேன். சஷ்டிகா சோப்பு வேண்டாம் என்று சொன்ன அன்றைக்கு ராத்திரி. எடுத்த எடுப்பிலேயே கேட்டுவிட்டேன், ஏம்மா எனக்கு அந்த மஞ்சள் பையைத் தைத்தாய் என்று. "எந்தப் பை?" என்றாள். கைக்குப் போடுவாயே, நாடா வைத்து. "எந்தக் கைக்கு?" நான் சொல்லச் சொல்ல அவளுக்கு ஒன்றும் ஞாபகம் வரவில்லை. நடிக்கவில்லை, என் அம்மாவுக்கு நடிக்கத் தெரியாது. "நீ சின்னதுல இருந்தே சோத்துக்கையிலதானடி சாப்பிடுவ, சமத்தா சாப்பிடுவியே" என்றாள். பிறகு வெயில் எப்படி இருக்கிறது என்று கேட்டாள். போனை வைத்துவிட்டு அடுப்படியில் நின்று அழுதேன். பை தைத்ததற்காக இல்லை. எனக்கு ஒரு மழைக்காலம் முழுக்க இருந்தது அவளுக்கு ஒரு நிமிஷமாகக்கூட மிஞ்சவில்லை, அதற்காக. இன்றைக்குக் காலையில் கட்டைச் சுற்றும்போது இதை நினைத்தேனா, நினைத்தேன். நினைத்துக்கொண்டேதான் சுற்றினேன். இன்னும் முப்பது வருஷம் கழித்துச் சஷ்டிகா போன் போட்டு, ஏம்மா காயமில்லாத கைக்குக் கட்டுப் போட்டாய் என்று கேட்பாள், நான் எந்தக் கட்டு என்று கேட்பேன். அப்படி ஆகிவிடும் என்றுதான் எனக்கு இப்போது பயமாக இருக்கிறது.

சுக்கா வருகிறது, பரிமாறுவது மதினியே. பட்டுச் சேலையை இழுத்துச் செருகிக்கொண்டு எதிர் வரிசையிலிருந்து வருகிறாள். சஷ்டிகா இலையில் இரண்டு கரண்டி அள்ளி வைத்து, எலும்பில்லாத துண்டாகப் பார்த்துப் பார்த்துப் பிய்த்துப் போடுகிறாள். சஷ்டிகா வலது கையால் ஒன்றை எடுத்து எப்படியோ வாய்க்குள் போட்டுவிடுகிறாள், பாதி சட்டையில். மதினிக்கு முகமெல்லாம் சிரிப்பு. "பாத்தியா கோதை, கட்டுப் போட்டதும் சோத்துக்கை தன்னால வருதுல்ல? காயம் ஆறுனாலும் அவுக்காத, ஒரு மாசம் அப்படியே விடு. அதுவா பழகிரும்." ஒரு மாதம். நான் ஒரு நாளைக்கு யோசித்தேன், அவள் ஒரு மாதத்துக்கு யோசிக்கிறாள், எங்கள் இரண்டு பேருக்கும் வித்தியாசம் இருபத்தொன்பது நாள்தான். இவளை வெறுத்துவிட்டால் எனக்கு எவ்வளவு வசதியாக இருக்கும். முடியவில்லை. சஷ்டிகா பிறந்தபோது பத்து நாள் ஆஸ்பத்திரியில் தரையில் படுத்தவள் இவள். மூன்று மாதம் காலை நீட்டி உட்கார்ந்து, முழங்காலுக்குக் கீழே பிள்ளையைக் கிடத்தி, கை பொறுக்கிற சூட்டில் வெந்நீர் விட்டுக் குளிப்பாட்டியவள், எனக்குப் பயமாக இருந்தது, இவளுக்குப் பயமில்லை. அந்த இடது கையையும் விரல் விரலாக நீவிவிட்டவள் இவள்தான். அந்தக் கையைத்தான் அடித்தாள், அந்தக் கையைத்தான் இன்றைக்கு வாசலில் முத்தமிட்டாள். இன்னும் கொஞ்ச நேரத்தில் நான் இவளை இத்தனை சொந்தக்காரர்கள் முன்னால், இவள் வீட்டு விசேஷத்தில், தலைகுனிய வைக்கப்போகிறேன். வேறு வழி இருந்தால் யாராவது சொல்லுங்கள்.

வீட்டுக்குப் போய் அவிழ்த்தால் என்ன என்று இப்போதும் ஒரு குரல் உள்ளே கேட்கிறது, அச்சு அசல் என் வீட்டுக்காரர் குரல். கேட்கத்தான் ஆசை. பந்திக்கு முன்னால் கை கழுவுகிற இடத்தில் அது நடக்காமல் இருந்திருந்தால் கேட்டிருப்பேன். குழாயடியில் சஷ்டிகாவின் வலது கையைக் கழுவிவிட்டேன், அவள் கட்டுப்போட்ட கையை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு நின்றாள். "வலிக்குதும்மா" என்றாள். யாரும் பக்கத்தில் இல்லை. விளையாட்டை விளையாட வேண்டிய அவசியமே இல்லை. "எங்க வலிக்குது?" என்றேன். "கதவுல நசுங்குன எடத்துல" என்றாள். நான் குனிந்து அவள் கண்ணைப் பார்த்தேன், அதில் குறும்பு ஏதாவது தெரியாதா என்று தேடினேன். இல்லை. இறுக்கமாகக் கட்டிவிட்டேனோ என்று விரல் நுனியை அமுக்கிப் பார்த்தேன், ரத்த ஓட்டம் நன்றாக இருந்தது. கட்டு சரியாகத்தான் இருந்தது. அவள்தான் நம்பிவிட்டாள். காலை ஆறரையிலிருந்து பன்னிரண்டரைக்குள், எங்கேயுமே இல்லாத ஒரு கதவில் தன் கை நசுங்கியது என்று நம்பிவிட்டாள். எத்தனை பேர் ஐயோ பாவம் என்றார்கள், எத்தனை பேர் முத்தம் கொடுத்தார்கள், வலிக்காமல் என்ன செய்யும். அந்தக் குழாயடியில்தான் முடிவு பண்ணினேன். வீட்டில் வைத்து அவிழ்த்தால் அது காயம் ஆறிய கையாக ஆகிவிடும். இங்கேதான் எல்லாரும் காயம் என்றார்கள், இங்கேதான் இல்லை என்று தெரிய வேண்டும்.

எனக்கே என் கை எது என்று இன்னும் சரியாகத் தெரியாது, அதையும் சொல்லிவிடுகிறேன். எக்ஸ்ரே எடுக்கும்போது இடதுக்கு ஓர் எழுத்து, வலதுக்கு ஓர் எழுத்து, ஈயத்தில் செய்தது, படத்தில் ஓரமாக விழும்படி வைக்க வேண்டும். பத்து வருஷ அனுபவம், ஒவ்வொரு முறையும் ஒரு நொடி தடுமாறுவேன். எல்லாருக்கும் சோறு தின்கிற கை வலது என்று உடம்பே சொல்லும், எனக்கு உடம்பு ஒன்று சொல்லும், அம்மா ஒன்று சொல்வாள். ஒருமுறை மாற்றி வைத்துவிட்டேன். டாக்டர் பார்த்துக் கண்டுபிடித்துவிட்டார், யாருக்கும் ஒன்றும் ஆகவில்லை, ஆனால் அவர் எல்லார் முன்னாலும், "எல்.கே.ஜி. பிள்ளைக்குத் தெரியும்மா இடது வலது" என்று கத்தினார். எல்.கே.ஜி. பிள்ளைக்கு நன்றாகவே தெரியும் டாக்டர், பிறகுதான் மறக்கடிக்கிறோம். இதை அன்றைக்குச் சொல்லவில்லை. எனக்குப் பதில் எப்போதும் பஸ் போன பிறகுதான் வரும். இன்றைக்கு மட்டும் பஸ் போவதற்குள் சொல்லிவிட வேண்டும்.

"ரசம்! ரசம்!" என்று அழகுராஜா வேறு வாளியோடு வருகிறார். அவருக்குப் பின்னால் மோர்க்காரர் பாத்திரத்தைக் கலக்கிக்கொண்டு நிற்கிறார். இவ்வளவுதான் நேரம். வலது கையை இலை ஓரத்தில் துடைத்துக்கொண்டு, சஷ்டிகாவின் கட்டை என் மடிக்கு இழுக்கிறேன். பிளாஸ்டரின் நுனியை நகத்தால் நிமிண்டுகிறேன், வர மாட்டேன் என்கிறது, நன்றாக ஒட்டியிருக்கிறேன், என் கைவேலை அல்லவா. இழுத்ததும் வந்துவிடுகிறது. சுற்றுச் சுற்றாக அவிழ்க்கிறேன். மதினி எதிரிலிருந்து பார்த்துவிட்டாள். "என்ன கோதை, கட்டு நழுவுதா?" "இல்ல மதினி, அவுக்குறேன்." "எல முன்னால ஒக்காந்துக்கிட்டு எதுக்கு அவுக்குற, காயத்தப் பாத்தா பிள்ள பயந்துரும்." அந்தப் பழைய திக்கல் வந்துவிடுமோ என்று ஒரு கணம் பயம். வரவில்லை. "காயம் இல்ல மதினி. காலையில நான் பொய்யாக் கட்டுனது." கடைசிச் சுற்றும் வந்துவிட்டது. சின்னக் கை, வெள்ளையாக வெளுத்து, பேண்டேஜின் கோடு கோடாகப் பதிந்து, ஈரமாக இருக்கிறது. என் தோளில் பட்டுக்கொண்டிருந்த கட்டை விரல் விலகிவிட்டது. பக்கத்து இலைக்காரர்கள் மெல்லுவதை நிறுத்திவிட்டார்கள். "பொய்யாவா? எதுக்கு?" என்கிறாள் மதினி. "நீங்க மறுபடியும் அடிச்சிருவீங்கன்னு பயந்துட்டேன்."

சொல்லிவிட்டேன். மதினி கையில் கரண்டியோடு நிற்கிறாள். அவள் முகம் சிவந்துவிடுகிறது. "நானு? எம் மருமகள நான் அடிச்சா கொன்னுபோட்டேன்? அன்னைக்கு ஒரு தட்டு தட்டுனேன். எதுக்கு? பொம்பளப் பிள்ள, போற எடத்துல நாலு பேரு சொல்லிக் காட்டக்கூடாதுன்னுதான?" பெரியகுளத்துத் தையல் மிஷினுக்குப் பக்கத்தில் கேட்ட அதே வார்த்தை, வரிசை மாறாமல். "தெரியும் மதினி" என்கிறேன். "நீங்க பாசத்துலதான் அடிச்சீங்க. நானும் பாசத்துலதான் கட்டுனேன். அவளுக்குக் கை வலிக்குதாம், இல்லாத காயம் வலிக்குதாம். இனிமே அவ இந்தக் கையிலதான் சாப்பிடுவா. எங்க போனாலும்." நாலு இலை தள்ளி யாரோ, "நல்லாருக்குடி நியாயம்" என்கிறார்கள். இருக்கட்டும். நான் சஷ்டிகா பக்கம் திரும்பி, "சாப்பிடுடா, உன் கையால சாப்பிடு" என்கிறேன்.

அவள் சாப்பிடவில்லை. அவிழ்த்த கையைத் தொடைக்கு அடியில் வைத்து அதன் மேல் உட்கார்ந்துகொண்டாள். என்னைப் பார்க்கிறாள், அத்தையைப் பார்க்கிறாள், பின்னால் நிற்கிறவர்களைப் பார்க்கிறாள். பிறகு வலது கையால் சோற்றை எடுக்கப் போகிறாள், அது நழுவி விழுகிறது. இதை நான் யோசிக்கவே இல்லை. கட்டை அவிழ்த்தால் கை தானாக வந்துவிடும் என்று நினைத்தேன், எவ்வளவு பெரிய மடச்சி. அவளைச் சுற்றி முந்நூறு பேர், முந்நூறு வலது கை, அதில் ஒன்று என்னுடையது, நான் இந்தக் கையால் குழம்பைப் பிசைந்துகொண்டே உன் கையால் சாப்பிடு என்று சொன்னால் எந்தப் பிள்ளை நம்பும். நானே நம்ப மாட்டேன். அழகுராஜா ரச வாளியோடு எங்கள் இலைக்கு முன்னால் நின்றுவிட்டார்.

வலது கையில் ஒட்டியிருந்ததை வழித்து இலையில் போட்டேன். கையைப் பாட்டில் தண்ணீரால் நனைத்துத் துடைத்து மடியில் வைத்தேன். இடது கையையும் அதே தண்ணீரில் கழுவினேன். பிறகு அந்தக் கையைத் தூக்கி இலையில் வைத்தேன். வளையல் இலையில் மோதி ஒரு சத்தம். மதினி, "அடி ஆத்தி" என்றாள். பின்னாலிருந்து ஒரு குரல், "தாய்மாமன் பொண்டாட்டி பண்ற வேலையா இது" என்றது. நான் கையை எடுக்கவில்லை. சோறு வெதுவெதுப்பாக இருந்தது. இந்தக் கைக்குச் சோற்றின் சூடு தெரிந்து முப்பது வருஷம் ஆகிறது. அழகுராஜா தொண்டையைக் கனைத்தார். "ரசம் ஊத்தவா?" என்றார், எல்லாருக்கும் கேட்கிற குரலில். "ஊத்துங்க" என்றேன். ஊற்றினார். அதற்கு மேல் அவரால் முடியாது, அதுவே எனக்கு நிறைய. அவர் மூக்கு நுனி வேர்த்திருந்தது.

ரசச் சோற்றைப் பிசைந்து உருட்டப் பார்த்தேன். வரவில்லை. பூண்டு உரிக்கிற கை, கதவு திறக்கிற கை, கீழே விழுகிற டம்ளரைப் பாதியில் பிடித்துவிடுகிற கை, ஆனால் சோற்றை என்ன செய்வதென்று அதற்குத் தெரியவில்லை. நாலு வயதில் நிறுத்திய இடத்திலேயே நின்றுகொண்டிருந்தது. விரல்களைக் குவித்தால் சோறு இடையில் வழிகிறது, வாய்க்குக் கொண்டுபோனால் பாதி முகவாயில், மீதி பட்டுச் சேலையில். ரசம் முழங்கை வரை ஓடியது. வெட்கம், சிரிப்பு, அழுகை எல்லாம் ஒன்றாக வந்தது, எது முதலில் வெளியே வரும் என்று தெரியாமல் வாயை மூடிக்கொண்டிருந்தேன். சஷ்டிகா என்னையே பார்த்துக்கொண்டிருந்தாள். முதலில் திகைப்பு, பிறகு முகம் சுளித்தாள், பெரிய மனுஷி மாதிரி. தொடைக்கு அடியிலிருந்து கையை உருவினாள். கோடு பதிந்த அந்தக் கை என் இலைக்கே வந்தது, நாலு விரலையும் சேர்த்து, அள்ளி, கட்டை விரலை உள்ளே மடக்கி, ஒரு பருக்கை கீழே விழாமல் தன் வாய்க்குள் தள்ளினாள். மென்றுகொண்டே சொன்னாள்: "அப்படி இல்லம்மா. கட்டவெரலால தள்ளணும்." நான் அவள் சொன்னபடி தள்ளினேன். இரண்டாவது வாயில் பாதிதான் சிந்தியது.